என்னைவிட இளைய அம்மா

லிப்பி கோவாரிக் என்னைவிட இரண்டு வயது சின்னவள். ஆனாலும் மேடையில் அவள்தான் எனக்கு அம்மா. நான் காதலனோடு ஓடிப்போகும்போதெல்லாம் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதவள் அவள். கைக்குழந்தையோடு திரும்பி வரும்போதெல்லாம் மன்னித்து உள்ளே அழைத்தவளும் அவள். திங்கட்கிழமை நாடகத்தில் என்னைச் சபிப்பாள், செவ்வாய்க்கிழமை நாடகத்தில் எனக்காக உயிரை விடுவாள். அமெரிக்காவில், நெப்ராஸ்கா மாநிலத்தின் சோளக்காட்டு ஊர்களில் எங்களைப் பார்த்தவர்கள் சிலர் இன்னும் இருக்கக்கூடும். அவர்களிடம் கேட்டால் லிப்பிக்கு அப்போதே அறுபது வயது என்று அடித்துச் சொல்வார்கள். அவள் கம்பெனிக்கு வந்தபோது பத்தொன்பது.

அது 1924 கோடை. ஹோபர்ட் ஸ்வெய்ன் என்பவரின் கூடார நாடகக் கம்பெனியில் நான் கதாநாயகி. ஓர் ஊரில் ஒரு வாரம் இருப்போம். தினம் ஒரு நாடகம். ஞாயிற்றுக்கிழமை கூடாரத்தைச் சுருட்டி லாரியில் போட்டுக்கொண்டு அடுத்த ஊர். ஐரோப்பாவிலிருந்து வந்து குடியேறிய செக் இனத்துக் குடும்பங்கள் நிறைந்த ஒரு சிற்றூரில் முளையடித்துக்கொண்டிருந்த அன்று, எங்கள் கம்பெனியில் அம்மா வேஷம் கட்டும் பெண்மணி பியானோக்காரரோடு ரயிலேறிவிட்டாள். ஒரே வண்டியில் அம்மாவும் போனாள், சங்கீதமும் போயிற்று. ஸ்வெய்ன் தலையில் கைவைத்து பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்.

அந்த நேரம் பார்த்து லிப்பி ஒரு கூடையோடு கூடாரத்துக்குள் வந்தாள். கூடை நிறைய கொலாச்சி, நடுவில் பிளம் பழக்கூழ் வைத்துச் சுட்ட இனிப்பு ரொட்டி. எங்களிடம் விற்க வந்தவள், எங்கள் முகங்களைப் பார்த்து நின்றுவிட்டாள்.

"என்னங்க, எல்லாரும் எழவு வீடு மாதிரி உக்காந்திருக்கீங்க?"

நான் விஷயத்தைச் சொன்னேன்.

"அம்மா வேஷந்தானே? நான் பண்றேன்."

ஸ்வெய்ன் நிமிர்ந்து பார்த்தார். "ஏம்மா, எனக்கு வேணுங்கறது பெத்து வளத்து நொந்துபோன ஒரு அம்மா. நீயே இன்னும் பால்குடி மறக்காத பொண்ணு. ரொட்டிய வெச்சுட்டுப் போ."

அவள் போகவில்லை. கூடாரக் கம்பத்தடியில் இரண்டு தண்ணீர் வாளிகள் காலியாகக் கிடந்தன. அவற்றை எடுத்துக்கொண்டு எங்களுக்கு முன்னால் நடந்தாள். காலி வாளிகள்தான், ஆனால் அவள் தோளிரண்டும் இறங்கின. பாதி வழியில் ஒன்றைக் கீழே வைத்து, இடுப்பைப் பிடித்து மெல்ல நிமிர்ந்து, மழை வருமா என்று பார்ப்பவளைப் போல வானத்தைப் பார்த்தாள். பிறகு வாளியைத் தூக்கிக்கொண்டு நடந்து முடித்தாள். அவ்வளவுதான். முளையடித்துக்கொண்டிருந்த ஆட்கள்கூட சுத்தியலை நிறுத்திவிட்டார்கள்.

"படிக்கத் தெரியுமா?" என்றார் ஸ்வெய்ன், குரல் தணிந்து.

"தெரியும். எங்க சங்கக் கட்டடத்துல வருஷா வருஷம் செக் மொழியில நாடகம் போடுவோம். நான்தான் எப்பவும் கிழவி."

"ஏன்?"

"மத்த பொண்ணுங்க யாரும் கிழவியா நிக்க ஒத்துக்கலே."

அன்று மாலை அவள் மேடையேறினாள். முன்வரிசையில் அவள் அப்பா உட்கார்ந்திருந்தார். குதிரைச் சேணம் தைப்பவர், பெரிய மீசைக்காரர். லிப்பி வாளியைக் கீழே வைத்து இடுப்பைப் பிடித்த இடத்தில் அவர் சட்டென்று எழுந்து வெளியே போய்விட்டார். மகள் கூத்தாடுவது பிடிக்கவில்லை போலிருக்கிறது என்று நாங்கள் பயந்தோம். நாடகம் முடிந்து போய்ப் பார்த்தால், லாரியில் சாய்ந்துகொண்டு கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். லிப்பியின் அம்மா விஷக்காய்ச்சல் வந்த வருடம் இறந்துபோனவள்.

"இப்படித்தான் இடுப்பப் பிடிச்சுக்குவா. எனக்கு மறந்தே போச்சு" என்றாராம் மகளிடம்.

மறுநாள் அவரே ஸ்வெய்னைத் தேடி வந்தார். "எம்பொண்ண எவ்வளவு வயசானவளா வேணும்னாலும் ஆக்கிக்கோ. ஆனா குளிர்காலத்துக்குள்ள பத்தொம்போது வயசுப் பொண்ணாவே திருப்பி அனுப்பு."

பெயரை மட்டும் ஸ்வெய்ன் வெட்டினார். "கோவாரிக்னு சுவரொட்டியில போட்டா ஜனங்க இருமல் மருந்துன்னு நினைச்சுக்குவாங்க" என்று சொல்லி லிப்பி கோல் ஆக்கினார். அவளுக்கு அதில் வருத்தமில்லை. எந்தப் பெயரில் கூப்பிட்டாலும் திரும்பிப் பார்ப்பாள்.

அந்த வருடங்களை இப்போது நினைத்தால் எனக்கு முதலில் வருவது வாசனைதான். வெயிலில் காய்ந்த கித்தான், மிதிபட்ட புல், பெட்ரோல் விளக்கு, எங்கள் முகப்பூச்சு. வெள்ளிக்கிழமைகளில் ஊர்ப் பெண்கள் வறுத்த கோழியும் செர்ரிப் பழம் அடைத்துச் சுட்ட பலகாரமும் கொண்டுவருவார்கள். ஆலங்கட்டி மழை பிடித்தால் கித்தானில் விழும் சத்தத்தில் வசனம் எதுவும் கேட்காது. அப்போது ஸ்வெய்ன் மேடைக்கு வந்து கூட்டத்தைப் பாடச் சொல்வார். மழை விடும்வரை ஊரே சேர்ந்து பாடும். விட்டதும் நாங்கள் நிறுத்திய வசனத்திலிருந்து தொடருவோம். யாரும் எழுந்து போனதாக எனக்கு நினைவில்லை.

வெளியில் லிப்பியை யாருக்கும் அடையாளம் தெரியாது. அந்தக் காலத்தில் அங்கே மருந்துக்கடையில்தான் சோடாவும் விற்பார்கள்; வேஷத்தைக் கலைத்துவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்து ஐஸ்கிரீம் சோடா குடிப்பாள். கடைக்காரர் என்னிடம் வந்து, "உங்கம்மாவ ஏம்மா இந்த வெயில்ல கூடாரத்துலயே விட்டுட்டு வந்தீங்க? பாவம், வயசானவங்க" என்று கடிந்துகொள்வார். லிப்பி உறிஞ்சுகுழலைக் கடித்துக்கொண்டு, "அதானே! மனசாட்சியே இல்லாத மகள்" என்று எடுத்துக்கொடுப்பாள்.

ஒரு முறை ஒரு விவசாயியின் மனைவி, மூட்டுவலித் தைலம் ஒரு புட்டி நிறையக் காய்ச்சி எடுத்துக்கொண்டு, நாடகம் தொடங்குமுன் திரைக்குப் பின்னால் வந்துவிட்டாள். நல்லவேளையாக லிப்பி அப்போது வேஷத்தில் இருந்தாள்.

"நேத்து நீங்க படியேறும்போது பாத்தேன். எனக்கே வலிச்சுது. ராத்திரி சூடா தேய்ச்சுக்குங்க, அக்கா."

"ரொம்ப நன்றி தாயி. இடது முழங்காலுதான் படுத்துது" என்றாள் லிப்பி, அதே கிழட்டுக் குரலில். அந்தப் பெண்மணி குனிந்து அவள் முழங்காலைத் தொட்டுப் பார்த்து, "வீக்கம் இல்ல, சரியாயிடும்" என்று ஆறுதல் சொல்லிவிட்டுப் போனாள். அந்த வாரம் முழுவதும் லிப்பி இடது காலைத்தான் நொண்டினாள்.

எங்கள் கதாநாயகன் பெயர் எல்வுட் பேஜ். நல்ல உயரம், அலையலையாகத் தலைமுடி. மேடையில் எனக்குக் காதலன், அல்லது லிப்பிக்கு மகன். மகனாக அவள் மடியில் தலைவைத்துப் படுத்துப் படுத்தே மனசைப் பறிகொடுத்துவிட்டான். இருவரும் ஆற்றங்கரையில் கைகோத்து நடந்ததைப் பார்த்த ஓர் ஊர்ப் பெண்மணி, லிப்பியை வழிமறித்து வெளுத்துவாங்கிவிட்டாள்.

"ஏண்டி, உனக்கு வேற ஆளே கிடைக்கலையா? அந்தப் பையனுக்கு மேடையில அவ்வளவு அழகா ஒரு பொண்ணு இருக்கா. அவன் அம்மா பாத்தா நெஞ்சு வெடிச்சுப் போயிடும், தெரியுமா?"

"அவங்கம்மாவுக்குத் தெரியும்" என்றாள் லிப்பி. "சம்மதிச்சுட்டாங்க."

அந்த இலையுதிர் காலத்தில் அவள் ஊரில் கல்யாணம் நடந்தது. சங்கக் கட்டடத்தில் யாரோ அக்கார்டியன் வாசிக்க, அவளுடைய மீசைக்கார அப்பா என்னோடுகூட போல்கா நடனம் ஆடினார். எல்வுட் மட்டும் ஆட்டத்துக்கு நடுவில் என்னிடம் வந்து, "ஆர்டிஸ், ஒண்ணு கவனிச்சியா? ஒரு நாடகத்துலயாவது நான் அவளுக்குப் புருஷனா வந்ததில்ல" என்றான். "அதான் நிஜத்துலயே ஆயிட்டியே" என்றேன். அவன் சிரித்தான். ஆனால் வருடங்கள் போகப் போக அதை அவன் பல தடவை சொன்னான். சிரிப்பு குறைந்துகொண்டே வந்தது.

1931க்குப் பிறகு மழை பொய்த்தது. விளைச்சல் இல்லாத ஊரில் யார் நாடகம் பார்ப்பார்கள்? நுழைவுச் சீட்டுக்குப் பதில் முட்டை கொண்டுவந்தார்கள், பிறகு அதுவும் இல்லை. ஊர்தோறும் பேசும் படம் வேறு வந்துவிட்டது. ஒரு புழுதிப் புயலில் கூடாரம் நீளவாக்கில் கிழிந்தது. ஸ்வெய்ன் அதைத் தைக்கச் சொல்லவில்லை. வைக்கோல் போரை மூட ஒரு விவசாயிக்குக் கொடுத்துவிட்டு, தங்கை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தார்.

லிப்பி, எல்வுட், நான் மூவரும் நியூயார்க் போனோம். அங்கே ஒரு நாடகத்தில், மகன்கள் எல்லாரையும் சுரங்கத்துக்குப் பறிகொடுத்த கிழவியாக லிப்பி நடித்தாள். இருபத்தெட்டு வயது. பத்திரிகைகள், "இந்த மூத்த நடிகை இத்தனை காலம் எங்கே இருந்தார்?" என்று எழுதின. காலைக் காப்பியோடு அதை எல்வுட் வாசித்துக் காட்டினான்.

"கூடாரத்துல இருந்தேன்னு எழுதிப் போடு" என்றாள் லிப்பி.

அந்தப் புகழ் கலிபோர்னியா வரை எட்டியது. ஒரு படக் கம்பெனியிலிருந்து தந்தி வந்தது. ரயிலுக்கு ஆள் அனுப்பியிருந்தார்கள். எனக்கும் ஏதாவது வேலை கிடைக்குமென்று நானும் கூடப் போயிருந்தேன். பூங்கொத்தோடு நின்ற ஆள் எங்களைத் தாண்டிப் பெட்டிக்குள் எட்டி எட்டிப் பார்த்தான்.

"அந்த வயசான அம்மா எங்க? இறங்க முடியலையா? தூக்கிட்டு வர ஆள் கூப்பிடவா?"

"நான்தாங்க" என்றாள் லிப்பி.

"நீங்க அவங்க பேத்தியா?"

கடைசியில் பூங்கொத்தை அவளிடம் கொடுத்தான். ஆனால் நடுவழியில் திரும்ப வாங்கிக்கொள்வானோ என்றிருந்தது முகம்.

சோதனைப் படம் எடுத்தார்கள். மேடையில் முப்பது அடி தள்ளியிருந்து பார்த்தால் சுருக்கமாகத் தெரிந்த கோடு, காமிராவில் வெறும் கோடாகத் தெரிந்தது. அடியில் இருந்த இளம் கன்னம் அப்பட்டமாகக் காட்டிக்கொடுத்தது. வேஷத்தைக் கலைத்துவிட்டு இன்னொன்று எடுத்தார்கள். அதில் அவள் அகலமான முகமும் சின்னக் கண்ணும் உள்ள சாதாரணப் பெண். கதாநாயகிக்கு அந்த முகம் போதாது என்றார்கள். அங்கிருந்த பெரிய அதிகாரி அவளைக் கூப்பிட்டுப் பேசினார். கெட்டவர் இல்லை, கொஞ்சம் வேடிக்கையாகப் பேசுவார்.

"தப்பா நினைச்சுக்காதீங்க. உங்க திறமையில குறையில்ல. உங்க வயசுலதான் குறை. இருபது வருஷம் கழிச்சு வாங்க."

"வர்றேன். நீங்க இருப்பீங்களா?" என்று கேட்டாள் லிப்பி.

வெளியில் வந்து ஒரு ஆரஞ்சு மரத்தடியில் உட்கார்ந்து, அந்தப் பூங்கொத்தை மடியில் வைத்துக்கொண்டு அழுதாள். அவள் மேடைக்கு வெளியே அழுது நான் பார்த்தது அன்றுதான் முதல் தடவை. அவளுக்கு அழக்கூடத் தெரியவில்லை, மூக்கு சிவந்து, சத்தம் வராமல், விக்கல் மட்டும் வந்தது. மேடையில் அத்தனை அழகாக அழுகிறவள்.

அதே கம்பெனியில் எனக்கு வேலை கிடைத்தது என்பதுதான் வேடிக்கை. கதாநாயகிக்குத் தோழியாகச் சில படங்களில் வந்தேன். முப்பத்தைந்து தாண்டியதும் என் முகத்தை யாரும் கேட்கவில்லை. பிறகு ஆடை அலங்காரப் பகுதியில் ஊசி பிடித்தேன். எல்வுட்டுக்கு முன்வழுக்கை விழுந்தது. அப்பா வேஷம் தருகிறோம் என்றார்கள். கண்ணாடி முன்னால் நின்று வெகுநேரம் பார்த்துவிட்டு, கார் விற்கும் கடையில் சேர்ந்துவிட்டான். நல்ல குரல் ஆகையால் நன்றாக விற்றான்.

லிப்பி மட்டும் விடவில்லை. வானொலியில் கிழவிக் குரல் கொடுத்தாள், போர்க்காலத்தில் பாராசூட் தைத்தாள், சனி ஞாயிறுகளில் தேவாலயக் கூடங்களில் நடித்தாள். நரை வந்தபோது நாங்களெல்லாம் சாயம் தேடிக்கொண்டிருக்க, அவள் என்னை வெளிச்சத்துக்கு இழுத்துப் போய்த் தலையைக் குனிந்து காட்டினாள்.

"ஏய் ஆர்டிஸ், இங்க பாருடி! வந்துருச்சு!"

"உலகத்துலயே நரைச்சதுக்குச் சந்தோஷப்படற பொம்பளை நீ ஒருத்திதாம்மா" என்றேன்.

"மகளே, இதுக்கு எத்தனை வருஷமா தலையில மாவு கொட்டியிருக்கேன்!"

ஐம்பது வயதில் அவளுக்குப் படங்கள் வர ஆரம்பித்தன. அந்த அதிகாரி அப்போது இல்லை. விடுதி நடத்தும் பெண்மணி, நீதிமன்றச் சாட்சி, பண்ணை வீட்டு விதவை, பள்ளி ஆசிரியை என்று ஒன்றிரண்டு நிமிடம் வந்து போவாள். தொலைக்காட்சியிலும் வந்தாள். மளிகைக் கடையில் ஆட்கள் அவளை நிறுத்தி உற்றுப் பார்ப்பார்கள். பெயர் தெரியாது, முகம் மட்டும் தெரியும்.

"நீங்க எனக்கு மூணாங்கிளாஸ் டீச்சர்தானே?"

"ஆமாப்பா. இப்பவாவது கையெழுத்து உருப்பட்டுச்சா?" என்பாள். அந்த ஆள் வெட்கத்தோடு சிரித்துக்கொண்டு போவான். ஏன் இப்படிப் பொய் சொல்கிறாய் என்று நான் கேட்டால், "அவனுக்கு அந்த டீச்சரப் பாக்கணும்னு இருந்திருக்கு. பாத்துட்டான்" என்பாள்.

ஒரு கோடையில் மிச்சிகன் ஏரிக்கரையில், பழைய களஞ்சியம் ஒன்றை அரங்காக மாற்றி நாடகம் போடும் ஒரு குழு அவளை அழைத்தது. என்னையும் உடை பார்த்துக்கொள்ளக் கூட்டிப்போனாள். கலங்கரை விளக்கக் காவலர் ஒருவரின் மனைவியைப் பற்றிய கதை. முதல் காட்சியில் அவள் பதினெட்டு வயதுப் பெண், கடைசியில் கிழவி. கிழவிதான் லிப்பி. சின்னப் பெண்ணாக நடிக்க வேண்டியவள் சைக்கிளிலிருந்து விழுந்து கணுக்காலை முறித்துக்கொண்டாள். இயக்குநர் ராய்ஸ் என்ற இளைஞன். முதல் காட்சியையே வெட்டிவிடலாம் என்றான்.

"வெட்டாத. அத நானே பண்றேன்" என்றாள் லிப்பி.

அவன் தயங்கினான். "அம்மா, உங்களுக்கு... எப்படிச் சொல்றது..."

"அம்பத்தாறு. சொல்லு, கடிக்க மாட்டேன்."

"பொய்முடி, பூச்சு எல்லாம் வெச்சாலும்..."

"ஒண்ணும் வேண்டாம். ஒரு நீலக் கவுன், ஒரு ஆப்பிள். போதும்."

ஒத்திகை பார்த்தாள், ஆனால் எல்லாரும் போன பிறகு தனியாக. எப்படிச் செய்யப் போகிறாய் என்று கேட்டேன். "கிழவியா இருக்கும்போது எதத் தொட்டாலும் அது கனமா இருக்குமான்னு முதல்ல யோசிப்பேன். இதுல யோசிக்கவே கூடாது. அவ்வளவுதாண்டி. ஆனா யோசிக்காம இருக்கறது எவ்வளவு கஷ்டமா இருக்கு!"

எல்வுட் கலிபோர்னியாவிலிருந்து பேருந்தில் வந்து சேர்ந்தான். நெஞ்சுவலிக்காரன், டாக்டர் வேண்டாமென்று சொல்லியும் வந்தான். பகல் காட்சி. மரப்பலகை இடுக்குகளில் வெயில் கோடு கோடாக விழுந்திருந்தது. நரைத்த தலையைப் பின்னிப் போட்டுக்கொண்டு லிப்பி ஓடிவந்து படிக்கட்டில் உட்கார்ந்ததும், பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். சிரிப்பு இரண்டு மூன்று இடங்களுக்குத் தொற்றியது. நான் திரைக்குப் பின்னால் ஊசியை விரலில் குத்திக்கொண்டேன். அவள் காதில் வாங்கவில்லை. காலை ஆட்டிக்கொண்டே ஆப்பிளைக் கடித்தாள். வாய் நிறைய ஆப்பிளோடு, கடல் பக்கம் கைகாட்டி, அங்கே வரும் படகில் இருப்பவனைத்தான் கட்டிக்கொள்ளப் போகிறேன், அவன் பெயர்கூட எனக்குத் தெரியாது என்று சொன்னாள். சிரிப்பு நின்றுவிட்டது. நான் எட்டிப் பார்த்தேன். நரை இருந்தது, சுருக்கம் இருந்தது, எல்லாம் அப்படியே இருந்தன. ஆனால் கூட்டம் அவற்றைப் பார்க்கவில்லை. எல்வுட் தொப்பியை இரு கையாலும் பிடித்துக்கொண்டு இருக்கையின் நுனிக்கு வந்துவிட்டிருந்தான்.

நாடகம் முடிந்ததும் ஒப்பனை அறைக்கு வந்து கதவோரம் நின்றான்.

"ஆப்பிள் தின்னுச்சே ஒரு பொண்ணு, அது வீட்டுக்குப் போயிருச்சா?"

"போயிருச்சு. என்ன வேணும்?"

"ஒண்ணுமில்ல. நான் கதாநாயகனா இருந்த காலத்துல அவளோட எனக்கு ஒரு காட்சிகூடக் கிடைக்கல. அதச் சொல்லிட்டுப் போகலாம்னு வந்தேன்."

லிப்பி பவுடர் பஞ்சை அவன்மேல் விட்டெறிந்தாள். அது அவன் கோட்டில் வெள்ளையாக அப்பிக்கொண்டது. பிறகு எழுந்து போய் அதைத் தட்டிவிட ஆரம்பித்தவள், தட்டிக்கொண்டே இருந்தாள். நான் கவுனை எடுத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். மறுநாள் அவர்கள் ஏரியில் வாடகைப் படகு எடுத்துக்கொண்டு போனார்கள். எல்வுட்டுக்குத் துடுப்புப் போட வராது. கரையிலிருந்து பார்த்தபோது படகு ஒரே இடத்தில் சுற்றிக்கொண்டிருந்தது. இருவரும் சிரிக்கும் சத்தம் தண்ணீர்மேல் கேட்டது.

அவன் அதற்குப் பிறகு ஐந்து வருடம் இருந்தான். அவன் போன பின்னும் லிப்பி வேலைக்குப் போவதை நிறுத்தவில்லை. கடைசியாக ஒரு படத்தில், பின்கட்டில் துணி உலர்த்தும் பெண்ணாக வந்தாள். வசனம் கிடையாது. கதாநாயகனின் கார் கடந்து போகும்போது திரும்பிப் பார்க்க வேண்டும், அவ்வளவே. அவளுக்கு எழுபத்து மூன்று ஆகியிருந்தது. நான்தான் காரில் அழைத்துப் போனேன். முதல் தடவையிலேயே சரியாக வந்துவிட்டது. போதும் என்று காமிராவை நகர்த்தினார்கள், விளக்குகளை அணைத்தார்கள்.

அவள் கொடிக்குப் பக்கத்திலேயே நின்று, கூடையிலிருந்து அடுத்த சட்டையை எடுத்து உதறினாள்.

"முடிஞ்சிருச்சும்மா, வாங்க" என்று யாரோ கூப்பிட்டார்கள்.

"ஈரத்துணிய இப்படியே கூடையில விட்டா நாத்தம் எடுத்துடும்" என்றாள்.

எல்லாச் சட்டைகளையும் கொடியில் போட்டுக் கவ்வி மாட்டிவிட்டுத்தான் வந்தாள். நானும் போய் ஒரு பக்கம் பிடித்துக்கொண்டேன். காற்று நன்றாக அடித்தது.

அந்தக் குளிர்காலத்தில் தூக்கத்திலேயே போய்விட்டாள். அவள் ஊரில், செக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தோம். கல்லில் கோவாரிக் என்றே வெட்டச் சொன்னேன். படம் வசந்த காலத்தில் வந்தது. நான் பகல் காட்சிக்குப் போனேன். கார் போகிறது, அவள் திரும்பிப் பார்க்கிறாள், கையில் ஒரு வெள்ளைச் சட்டை. எனக்கு முன்வரிசையில் இருந்த பெண் தன் கணவனிடம், "இந்தம்மாவ எனக்குத் தெரியும், எங்கன்னுதான் ஞாபகம் வரல" என்று கிசுகிசுத்தாள். படம் முடியும்வரை அவள் அதையே யோசித்துக்கொண்டிருந்தாள் போலிருக்கிறது. விளக்கு போட்ட பிறகும் எழுந்திருக்கவில்லை.